ஜாமீனுக்குக் காசு கேட்காத மாநிலம்: இல்லினாய் மக்கள் இயக்கம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

2023 செப்டம்பர் 18 முதல் அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில் எந்த நீதிமன்றமும் ஒருவரை ஜாமீனில் விடப் பணம் கேட்க முடியாது. ரொக்க ஜாமீனை முழுக்க ஒழித்த முதல் அமெரிக்க மாநிலம் அதுதான். சிகாகோவில் சிலர் கைக்காசைச் சேர்த்துத் தெரிந்தவர்களைச் சிறையிலிருந்து மீட்கத் தொடங்கியதில் ஆரம்பித்தது இது. அங்கிருந்து சட்டம் வரைக்கும் எப்படிப் போனார்கள், நடுவில் யார் மறித்தார்கள், இப்போது நிலைமை என்ன என்று பலரும் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே பதில்.

ரொக்க ஜாமீன் என்றால் சரியாக என்ன?

ஒருவரைக் கைது செய்கிறார்கள். விசாரணை இன்னும் நடக்கவில்லை; சட்டப்படி அவர் நிரபராதி. வழக்கு முடியும்வரை அவரை வெளியே விடலாமா என்று நீதிபதி பார்க்கிறார். 'விடலாம், ஆனால் இவ்வளவு டாலரைக் கட்டிவிட்டுப் போகட்டும்' என்று உத்தரவு போட்டால் அது ரொக்க ஜாமீன். வாய்தாவுக்கு ஒழுங்காக வந்தால் வழக்கு முடிந்ததும் பணம் திரும்பும். வராவிட்டால் போய்விடும்.

இல்லினாயில் பெரும்பாலும் இருந்தது பத்து சதவீத முறை. நீதிபதி 50,000 டாலர் என்று சொன்னால் 5,000 டாலரை நீதிமன்றத்தில் கட்டினால் போதும். வழக்கு முடிந்து திரும்பும்போது அதிலும் ஒரு பங்கை நீதிமன்ற எழுத்தர் அலுவலகம் கட்டணமாக எடுத்துக்கொள்ளும். அபராதம், செலவுத்தொகை ஏதாவது இருந்தால் அதையும் கழித்துக்கொள்ளும்.

பல மாநிலங்களில் இதைவிட மோசம். அங்கே ஜாமீன் தரகு நிறுவனங்கள் உண்டு. பத்து சதவீதத்தைத் தரகரிடம் கொடுத்தால் அவர் மீதிக்குப் பொறுப்பேற்பார். கொடுத்த பணம் அவருடைய லாபம், வழக்கில் விடுதலையானாலும் திரும்பாது. இல்லினாய் இந்தத் தொழிலை 1963-லேயே மூடிவிட்டது. அறுபது வருஷம் கழித்து அது எவ்வளவு பெரிய உபகாரமாக ஆனது என்பதைப் பின்னால் பார்ப்போம்.

பணம் கட்ட முடியாவிட்டால்?

உள்ளேயே இருக்க வேண்டியதுதான். 'இவரை விடலாம்' என்று நீதிபதி முடிவெடுத்த பிறகும் ஒருவர் உள்ளே இருக்கிறார். தடுத்து வைக்க யாரும் உத்தரவு போடவில்லை, காரணம் எழுதவில்லை. அவரிடம் காசு இல்லை, அவ்வளவுதான். அதே குற்றச்சாட்டில் வந்த இன்னொருவர், கையில் கடன் அட்டை இருந்ததால், மாலைக்குள் வீட்டில் இருப்பார்.

நாலு நாள் உள்ளே இருந்தால் வேலை போகும். மாதம் தாண்டினால் வாடகை வீடு போகும். குழந்தைகளை யார் பார்ப்பது என்ற கேள்வி வரும். அப்போது அரசு வழக்கறிஞர் ஒரு பேரம் வைப்பார்: குற்றத்தை ஒப்புக்கொள், இதுவரை இருந்த நாளையே தண்டனையாகக் கழித்துக்கொண்டு இன்றே போ. செய்யாத குற்றத்தையும் ஒப்புக்கொள்ள வைக்க இதைவிட நல்ல வழி இல்லை. இப்படி ஒப்புக்கொண்டவர் பிறகு வேலைக்குப் போகும் இடமெல்லாம் 'தண்டனை பெற்றவர்' என்ற முத்திரையோடு போக வேண்டும்.

நாடு முழுக்க இதைப் பேசவைத்த பெயர் கலீஃப் பிரௌடர். நியூயார்க், 2010. பதினாறு வயது. ஒரு பையைத் திருடினார் என்று வழக்கு. ஜாமீன் 3,000 டாலர். குடும்பத்தால் கட்ட முடியவில்லை. ரைக்கர்ஸ் தீவுச் சிறையில் மூன்று ஆண்டுகள், அதில் ஏறக்குறைய இரண்டு ஆண்டுகள் தனிக்கொட்டடி. பேரத்துக்கு அவர் கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை. 2013-ல் வழக்கையே கைவிட்டு அனுப்பிவிட்டார்கள். 2015-ல் தற்கொலை செய்துகொண்டார்.

சிகாகோவில் இது எப்படித் தொடங்கியது?

2014 ஆகஸ்டில் சிகாகோவில் 17 வயது இளைஞர் ஒருவரைப் போலீஸ் சுட்டுக் கொன்றது. அவருக்கு அஞ்சலி செலுத்தக் கூடிய இடத்தில் குடும்பத்தாரும் நண்பர்களும் கைதானார்கள். அவர்களை மீட்க அக்கம்பக்கத்தார் பணம் திரட்ட வேண்டியதாயிற்று. எல்லாரையும் வெளியே கொண்டுவரப் பல மாதங்கள் ஆயின. அந்த அலைச்சலில் இருந்தவர்கள் ஒன்றைக் கவனித்தார்கள்: இவர்களுக்காகப் போராட ஆள் இருந்தது, அதே சிறையில் ஆயிரக்கணக்கானவர்களுக்கு யாருமில்லை. 2015-ல் 'சிகாகோ சமூக ஜாமீன் நிதி' பிறந்தது.

மகளிர் சுய உதவிக் குழுக்களின் சுழல் நிதி தெரிந்தவர்களுக்கு இது சட்டென்று புரியும். ஒருவருக்குக் கட்டிய பணம் வழக்கு முடிந்ததும் திரும்பி வரும், அது அடுத்தவருக்குப் போகும். முன்பின் தெரியாதவர்களுக்காகக் கட்டினார்கள். அவர்களில் மிகப் பெரும்பாலோர் வாய்தாவுக்கு வந்தார்கள். 'சொந்தக் காசு மாட்டிக்கொண்டிருந்தால்தான் ஆள் திரும்பி வருவான்' என்பதுதான் ரொக்க ஜாமீனுக்குச் சொல்லப்பட்ட முக்கிய நியாயம். வந்தவர்களுடையது ஒரு டாலர்கூட அங்கே மாட்டிக்கொண்டிருக்கவில்லை.

அப்படியானால் நிதி திரட்டி மீட்டுக்கொண்டே இருந்திருக்கலாமே?

நல்லெண்ணத்தில்தான் இப்படிக் கேட்கிறார்கள். ஆனால் கணக்கு உதைக்கும். சிகாகோ அடங்கிய குக் கவுண்டியின் (கவுண்டி என்பது நம்மூர் மாவட்டம் போல) சிறையில் மட்டும் அப்போது 7,500 பேர் அளவில் இருந்தார்கள். ஒருவரை மீட்கும் நேரத்தில் நாலு பேர் உள்ளே வருவார்கள். அதோடு, வெளியிலிருந்து யாராவது கட்டிக்கொண்டே இருந்தால், நீதிபதிக்குத் தொகையைக் குறைக்க வேண்டிய தேவையே இருக்காது.

சிகாகோ நிதியை நடத்தியவர்கள் இதை ஆரம்பத்திலேயே வெளிப்படையாகச் சொன்னார்கள்: நாங்கள் தேவைப்படாத நாள் வர வேண்டும் என்பதே எங்கள் வேலை. இந்த இயக்கத்தைப் பற்றி ஒரே ஒரு விஷயம்தான் சொல்லலாம் என்றால் நான் இதைத்தான் சொல்வேன். அவர்கள் மீட்ட ஒவ்வொருவரும் ஒரு சாட்சி. வெளியே வந்தவர்களில் சிலர் மாநிலத் தலைநகர் ஸ்பிரிங்ஃபீல்டு வரை போய்ச் சட்டமன்ற உறுப்பினர்கள் முன்னால் உட்கார்ந்து தங்கள் கதையைச் சொன்னார்கள். வெறும் தொண்டு நிறுவனமாக நின்றிருந்தால் இன்றும் நன்கொடை ரசீது எழுதிக்கொண்டிருப்பார்கள்.

ஜகாத் பணத்தில் ஜாமீன் கட்டினார்கள் என்கிறார்களே, உண்மையா?

உண்மைதான். 2018-ல் சிகாகோ முஸ்லிம்கள் சிலர் 'பிலீவர்ஸ் பெயில் அவுட்' என்ற முயற்சியைத் தொடங்கினார்கள். ஜகாத் யார் யாருக்குப் போகலாம் என்று குர்ஆன் சொல்லும் எட்டு வகைகளில் ஒன்று, கட்டுண்டவர்களை விடுவிப்பது. அடிமை முறை போன பிறகு அந்த வகை ஏட்டளவில் நின்றுவிட்டது என்று பலர் நினைத்திருந்தார்கள். காசில்லாமல் சிறையில் கிடப்பவரும் அதில் அடங்குவார் என்று இவர்கள் வாதிட்டார்கள். ரமலான் மாதத்தில் வசூலித்து, ஜாமீன் நிதியோடு சேர்ந்து ஆட்களை மீட்டார்கள்.

அதற்கு முந்தைய ஆண்டு, 2017-ல், தென் மாநிலங்களில் கறுப்பினப் பெண்கள் முன்னெடுத்த அன்னையர் தின ஜாமீன் இயக்கமும் இதே வழிதான்: அன்னையர் தினத்துக்குள் தாய்மார்களை வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சேர்ப்பது. அது பிறகு ஆண்டுதோறும் பல நகரங்களில் நடந்தது.

நீதிமன்றத்தில் போய் உட்கார்ந்து வேடிக்கை பார்ப்பது ஒரு போராட்டமா?

வேடிக்கை இல்லை, குறிப்பெடுப்பது. சிகாகோவில் 26-வது தெருவும் கலிபோர்னியா அவென்யூவும் சந்திக்கும் இடத்தில் குற்றவியல் நீதிமன்றம், ஒட்டினாற்போல் கவுண்டி சிறை. ஜாமீன் விசாரணை அங்கே ஒரு ஆளுக்குச் சில நிமிடங்கள்தான். பெயர், குற்றச்சாட்டு, தொகை, அடுத்தவர். அந்தச் சில நிமிடத்தில் ஒருவருடைய அடுத்த ஆறு மாதம் முடிவாகும்.

2017-ல் தன்னார்வலர்கள் தாளும் பேனாவுமாக அங்கே போய் உட்கார்ந்தார்கள். எந்த நீதிபதி, என்ன குற்றச்சாட்டு, எவ்வளவு தொகை, கட்ட முடியுமா என்று கேட்டாரா இல்லையா, எல்லாவற்றையும் எழுதினார்கள். பிறகு அதை அறிக்கையாக வெளியிட்டார்கள். ஒரே சட்டத்தின் கீழ் ஒரு நீதிபதி பெரும்பாலோரைப் பணமில்லாமல் விடுகிறார், பக்கத்து நாளில் உட்காரும் இன்னொருவர் தொகையை வாரி இறைக்கிறார் என்பது கறுப்பு வெள்ளையில் வந்துவிட்டது. இன்றைக்கு எந்த நீதிபதி என்பதைப் பொறுத்து ஒருவரது கதி அமைந்தது. முதலில் வழக்கறிஞர்களுக்கு மட்டும் தெரிந்திருந்தது அது. செலவே இல்லாத வேலை. ஆனால் பின்னால் வந்த வாதங்களுக்கெல்லாம் ஆதாரம் இங்கிருந்துதான் கிடைத்தது.

வழக்குப் போட்டார்களா, சட்டம் கேட்டார்களா?

இரண்டும். 2016 மே மாதத்தில் பல அமைப்புகள் சேர்ந்து ரொக்க ஜாமீனை ஒழிக்கும் கூட்டணியை அமைத்தன. ஜாமீன் நிதி, நீதிமன்றங்களை ஆராயும் சிகாகோ ஆப்பிள்சீட், தேவாலயக் குழுக்கள், தெற்கு சிகாகோவின் அடிமட்ட அமைப்புகள், உரிமை வழக்கறிஞர்கள். அந்த அக்டோபரில் குக் கவுண்டி நீதிபதிகளுக்கு எதிராகவே வழக்குத் தொடரப்பட்டது.

2017 ஜூலையில் தலைமை நீதிபதி திமோத்தி எவன்ஸ் ஒரு உத்தரவு போட்டார்: ஜாமீன் தொகை அந்த ஆளால் கட்டக்கூடியதாக இருக்க வேண்டும். செப்டம்பரில் அமலுக்கு வந்தது. சிறை எண்ணிக்கை சில மாதங்களில் 6,000-க்கும் கீழே இறங்கியது. லொயோலா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் பிறகு பார்த்தபோது, வெளியே விடப்பட்டவர்கள் புதுக் குற்றம் செய்யும் விகிதத்தில் குறிப்பிடத்தக்க மாற்றம் எதுவும் இல்லை.

ஆனால் உத்தரவு உத்தரவுதான். நாளாக ஆக நீதிபதிகள் பழைய பழக்கத்துக்குச் சாய்ந்தார்கள், தொகைகள் மறுபடி ஏறின. குக் கவுண்டிக்கு வெளியே, மாநிலத்தின் மற்ற 101 கவுண்டிகளில் அந்த உத்தரவு செல்லவே செல்லாது. அதனால்தான் 2019-ல் மாநிலம் முழுவதற்குமான வலையமைப்பு ஒன்றைக் கட்டினார்கள். சிகாகோ ஆட்களின் விவகாரம் என்று ஒதுக்கப்பட்டிருந்தால் சட்டமன்றத்தில் இது ஒரு நாளும் தேறியிருக்காது.

சட்டம் எப்படி நிறைவேறியது?

2020 சூழலை மாற்றியது. ஏப்ரலில் குக் கவுண்டி சிறை நாட்டிலேயே மிகப் பெரிய கொரோனா பரவல் இடங்களில் ஒன்றாகச் செய்திகளில் வந்தது. கூடி நிற்க முடியாததால், போராட்டக்காரர்கள் கார்களில் வரிசையாக வந்து சிறையைச் சுற்றி ஹார்ன் அடித்தார்கள். மே மாதம் ஜார்ஜ் ஃபிளாய்டு என்ற கறுப்பினத்தவரைப் போலீஸ் கொன்றது. இல்லினாய் சட்டமன்றத்தின் கறுப்பின உறுப்பினர் குழு, நீதித்துறைச் சீர்திருத்தத்தைத் தன் பட்டியலின் முதல் தூணாக வைத்தது. கையில் தயார் வரைவோடு காத்திருந்தது கூட்டணி. இது முக்கியம். வாய்ப்பு வந்த பிறகு வரைவு எழுத உட்காரும் இயக்கங்கள் அந்த வாய்ப்பைத் தவறவிடும்.

2021 ஜனவரி 13, பழைய சட்டமன்றத்தின் ஆயுள் முடியும் நாள். விடிவதற்கு முன் செனட்டில் 32–23. அப்புறம் கீழவையில் 60–50. தேவையான குறைந்தபட்ச வாக்கு 60. ஒரு வாக்குக் குறைந்திருந்தாலும் போயிருக்கும். பிப்ரவரி 22-ல் ஆளுநர் ஜே.பி. பிரிட்ஸ்கர் கையெழுத்திட்டார். நடைமுறைக்கு வர இரண்டு ஆண்டு அவகாசம்: 2023 ஜனவரி 1.

அதிகாலையில் அவசர அவசரமாக நிறைவேற்றினார்கள் என்ற குறை இன்றுவரை சொல்லப்படுகிறது. நேரத்தைப் பற்றிய குறை நியாயமானதுதான். ஆனால் விஷயம் புதிது என்பது சரியில்லை. நான்கு வருஷமாகப் பேசித் தேய்த்த விஷயம்.

இப்போது அங்கே கைதானால் என்ன நடக்கும்?

சிறு குற்றச்சாட்டு என்றால் பெரும்பாலும் வாய்தா தேதி எழுதிக் கொடுத்து அங்கேயே அனுப்பிவிடுவார்கள். மற்றவர்களை 48 மணி நேரத்துக்குள் நீதிபதி முன் நிறுத்த வேண்டும். தொடக்கநிலை எல்லாருக்கும் ஒன்று: விடுவிக்கப்பட வேண்டியவர்.

தடுத்து வைக்க வேண்டும் என்று அரசு வழக்கறிஞர் நினைத்தால் அதற்கென மனு போட வேண்டும். சட்டத்தின் பட்டியலில் உள்ள குற்றச்சாட்டுகளுக்கு மட்டுமே போடலாம். இவர் செய்திருக்கக்கூடும் என்பதையும், வெளியே விட்டால் ஆபத்து அல்லது ஓடிவிடுவார் என்பதையும், நிபந்தனைகள் எதுவும் போதாது என்பதையும் தெளிவான, நம்பத்தக்க ஆதாரத்தோடு காட்டும் பொறுப்பு அவருடையது. எதிர்த்தரப்புக்கு வழக்கறிஞர் இருப்பார். தடுத்து வைத்தால் நீதிபதி காரணத்தை எழுத வேண்டும், மேல்முறையீடு செய்யலாம், 90 நாளுக்குள் வழக்கை விசாரணைக்கு எடுக்க வேண்டும்.

முன்பு சில நிமிடத்தில் ஒரு எண்ணைச் சொல்லி முடித்தது இப்போது ஒரு முறையான விசாரணை. செலவு கூடத்தான் செய்யும். ஒரு மனிதரை அடைத்து வைப்பது இவ்வளவு வேலை வாங்க வேண்டும் என்பதுதான் என் கட்சி.

கொலை செய்தவரையும் அன்றே விட்டுவிடுவார்களாமே?

இல்லை. கொலைக் குற்றச்சாட்டு தடுத்து வைக்கும் பட்டியலில் இருக்கிறது. இன்னும் சொன்னால், பழைய முறையில்தான் கொலை வழக்கில் சிக்கிய பணக்காரர் லட்சக்கணக்கில் கட்டிவிட்டுப் போக முடியும். இப்போது தடுத்து வைக்க உத்தரவானால் எந்தத் தொகையும் அவரை வெளியே எடுக்காது.

இந்த வதந்தி தானாகக் கிளம்பியதல்ல. 2022 தேர்தல் நேரத்தில், ஒரு இரவு முழுக்க எந்தக் குற்றமும் குற்றமல்ல என்று காட்டும் ஹாலிவுட் திகில் படம் ஒன்றின் பெயரை இந்தச் சட்டத்துக்குச் சூட்டினார்கள். உள்ளூர்ப் பத்திரிகை போலவே அச்சடித்த தாள்கள் வீடு வீடாகத் தபாலில் வந்தன. அதில் குற்றம் சாட்டப்பட்டவர்களின் படங்கள் வரிசையாக. பதிலுக்கு இயக்கத்தார் தொலைபேசியில் கூப்பிட்டும் கதவைத் தட்டியும் விளக்க வேண்டியிருந்தது. அந்த நவம்பரில் பிரிட்ஸ்கர் மறுபடி வென்றார். டிசம்பரில் சட்டமன்றம் ஒரு திருத்தம் செய்தது: தடுத்து வைக்கும் பட்டியல் நீண்டது, ஏற்கெனவே உள்ளே இருப்பவர்களை எப்படிக் கையாள்வது என்பதும் தெளிவானது. இயக்கத்தில் சிலருக்கு அது கசப்பு. கேட்டது முழுதாகக் கிடைக்கவில்லை என்றாலும், சட்டத்தின் எலும்பு உடையவில்லை என்பதே என் கணிப்பு.

நீதிமன்றத்தில் தடை விழுந்ததே?

60-க்கும் மேற்பட்ட கவுண்டிகளின் அரசு வழக்கறிஞர்கள் வழக்குப் போட்டார்கள். 2022 டிசம்பர் 28-ல் கன்ககீ கவுண்டி நீதிபதி ஒருவர், ரொக்க ஜாமீனை ஒழிப்பது மாநில அரசியலமைப்புக்கு முரண் என்று தீர்ப்பளித்தார். சட்டம் அமலுக்கு வர நான்கு நாள் இருந்தது. 31-ம் தேதி மாநில உச்ச நீதிமன்றம் எல்லாவற்றையும் நிறுத்திவைத்தது.

போதிய பிணையின் பேரில் எல்லாரும் விடுவிக்கத்தக்கவர்கள் என்று இல்லினாய் அரசியலமைப்பு சொல்கிறது. பிணை என்றால் பணம் என்பது எதிர்ப்பாளர்களின் வாதம். 2023 ஜூலை 18-ல், தலைமை நீதிபதி மேரி ஜேன் தீஸ் எழுதிய 5–2 தீர்ப்பு அதை ஏற்கவில்லை: ஆள் திரும்பி வருவதை உறுதிசெய்யப் பணம் ஒன்றே வழி என்று அரசியலமைப்பு எங்கும் கட்டாயப்படுத்தவில்லை. இரண்டு மாதம் கழித்து, செப்டம்பர் 18-ல் சட்டம் நடைமுறைக்கு வந்தது.

பாதிக்கப்பட்ட பெண்களின் நிலை என்ன?

குடும்ப வன்முறைக்கும் பாலியல் வன்முறைக்கும் எதிராக வேலை செய்யும் அமைப்புகள் இந்தச் சட்டத்தின் பக்கம் நின்றன என்பது பலருக்கு வியப்பாக இருக்கும். காரணம் நேரடியானது. பழைய முறையில், அடித்த கணவன் பணம் கட்டிவிட்டு அன்று மாலையே வாசலில் வந்து நிற்பான். பல சமயம் அந்தப் பணம் அவளுடையதாகவே இருக்கும். இப்போது தடுத்துவைப்பு விசாரணை பற்றி அவளுக்குத் தகவல் தர வேண்டும், அவன் ஆபத்தானவனா என்பதே அங்கே கேள்வி. குற்றத்தை ஒடுக்கும் கட்சி ஒரு பக்கம், மனித உரிமைக் கட்சி மறுபக்கம் என்ற வழக்கமான படம் இங்கே குழம்பிவிட்டது. இயக்கத்தின் புத்திசாலித்தனம் அதில் இருந்தது. அவர்களை ஆரம்பத்திலேயே பேச்சில் சேர்த்துக்கொண்டார்கள்.

சரி, குற்றம் கூடிவிட்டதா? ஆட்கள் ஓடிவிட்டார்களா?

முதல் ஆண்டுக் கணக்கை லொயோலா ஆய்வாளர்கள் எடுத்தார்கள். வாய்தாவுக்கு வராததற்காகப் பிடியாணை போடப்பட்ட வழக்குகள் முன்பு 17 சதவீதம், பிறகு 15. நகரக் கவுண்டிச் சிறைகளிலும் கிராமப்புறச் சிறைகளிலும் எண்ணிக்கை குறைந்தது. சொன்ன பேரழிவு வரவில்லை.

ஆனால் மோசமான ஒரு வழக்கு போதும், புள்ளிவிவரம் காற்றில் போய்விடும். 2025 நவம்பரில் சிகாகோ ரயிலில் ஒரு இளம்பெண் மீது தீ வைக்கப்பட்டது. குற்றம் சாட்டப்பட்டவர் வேறொரு வழக்கில் மின்னணுக் கண்காணிப்பில் வெளியே இருந்தவர்; அவரைத் தடுத்து வைக்கும்படி அரசுத் தரப்பு முன்பே கேட்டிருந்தது, நீதிபதி மறுத்திருந்தார். சட்டம் கதவை மூடவில்லை, ஒரு நீதிபதியின் முடிவு அது என்று சொல்வது உண்மைதான். அந்தப் பெண்ணின் வீட்டாரிடம் போய் அதைச் சொல்லிப் பார்க்கட்டும். சீர்திருத்தம் பேசுகிறவர்கள் இந்தக் கேள்வியை நேருக்கு நேர் எதிர்கொள்ளாமல் சதவீதத்துக்குப் பின்னால் ஒளிவது எனக்குப் பிடிக்கவில்லை.

மற்ற மாநிலங்களில் ஏன் சறுக்கியது?

கலிபோர்னியா 2018-ல் சட்டம் போட்டது. உடனே ஜாமீன் தரகுத் தொழில் கையெழுத்து திரட்டி அதைப் பொது வாக்கெடுப்புக்கு இழுத்தது. 2020 நவம்பரில் மக்கள் அதை நிராகரித்தார்கள். இல்லினாயில் அப்படிப் பணத்தைக் கொட்ட அந்தத் தொழிலே இல்லை, 1963-க்கு நன்றி. இன்னொரு காரணமும் உண்டு. கலிபோர்னியாச் சட்டம் பணத்தின் இடத்தில் கணினி போடும் அபாய மதிப்பெண்ணை வைத்தது. பழைய கைதுகளை வைத்து மதிப்பெண் போட்டால், போலீஸ் எந்தத் தெருவில் அதிகம் சுற்றியதோ அந்தத் தெருக்காரர்களே மாட்டுவார்கள் என்று அடிமட்ட அமைப்புகளே எதிர்த்து நின்றன. இல்லினாய்ச் சட்டம் மதிப்பெண்ணை மட்டும் வைத்துத் தடுத்து வைக்கக் கூடாது என்றது.

நியூயார்க் 2019-ல் பாதிக் கிணறு தாண்டியது: பல குற்றச்சாட்டுகளுக்கு ரொக்கம் போனது, சிலவற்றுக்கு நின்றது. 2020, 2022, 2023 என்று மூன்று முறை திருத்திப் பின்வாங்கினார்கள். நியூஜெர்சி 2017 முதல் ரொக்கத்தை ஏறக்குறைய கைவிட்டு அமைதியாக ஓடுகிறது.

டிரம்ப் உத்தரவு இதை ஒழித்துவிட்டதா?

இல்லை. 2025 ஆகஸ்ட் 25-ல் அவர் போட்ட உத்தரவு, ரொக்க ஜாமீனைக் கைவிட்ட இடங்களைப் பட்டியலிடவும் அவற்றுக்கான மத்திய நிதியை நிறுத்த வழி பார்க்கவும் சொல்கிறது. மாநிலச் சட்டத்தை மாற்ற மாநிலச் சட்டமன்றமே வேண்டும்.

இந்தியாவில் ரொக்க ஜாமீன் இல்லையே, நமக்கு என்ன?

ரொக்கம் குறைவு, ஜாமீன்தாரர் உண்டு. இரண்டு பேர் வந்து கையெழுத்துப் போட வேண்டும், சொத்து ஆவணமோ வரி ரசீதோ காட்ட வேண்டும். குடிசைக்காரருக்கும் வடமாநிலத் தொழிலாளிக்கும் அந்த இரண்டு பேர் எங்கிருந்து வருவார்கள்? காசு வாங்கிக்கொண்டு ஜாமீன் போடும் ஆட்கள் நீதிமன்ற வாசலில் இருப்பது ஊரறிந்த விஷயம். தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022 கணக்குப்படி நம் சிறைகளில் இருந்த 5,73,220 பேரில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். நூற்றுக்கு எழுபத்தைந்துக்கும் மேல்.

1978-லேயே உச்ச நீதிமன்ற நீதிபதி கிருஷ்ணய்யர் மோத்தி ராம் வழக்கில் இதைப் பிடித்துவிட்டார். ஒரு ஏழைக் கொத்தனார். 10,000 ரூபாய்க்கு ஜாமீன்தாரர் கேட்டார் மாஜிஸ்திரேட். சகோதரரின் சொத்து வேறு மாவட்டத்தில் என்பதால் அவரையும் ஏற்கவில்லை. ஒரு மலையாளியோ தமிழரோ பஸ்தரிலோ போர்ட் பிளேரிலோ கைதானால், அங்கே சொத்துள்ள ஜாமீன்தாரருக்கு எங்கே போவார் என்று தீர்ப்பில் கேட்டார். இன்று திருப்பூரில் கைதாகும் பீகார்த் தொழிலாளியை வைத்து அதையே கேட்கலாம்.

இங்கே ஒருவர் ஜாமீன் கிடைத்தும் உள்ளே கிடந்தால் என்ன செய்யலாம்?

சில வழிகள் ஏற்கெனவே சட்டத்தில் இருக்கின்றன, கேட்பார் இல்லை. ஜாமீனில் விடத்தக்க குற்றம் என்றால், ஒரு வாரத்துக்குள் ஜாமீன்தாரரைக் கொண்டுவர முடியாதவரை ஏழை என்றே கருதி, சொந்தப் பிணைப் பத்திரத்தில் விட வேண்டும் (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, பிரிவு 478). மற்ற வழக்குகளில், உத்தரவாகி ஏழு நாளில் வெளியே வராவிட்டால் சிறைக் கண்காணிப்பாளர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் செயலாளருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஒரு மாதத்திலும் பிணை கொடுக்க முடியாவிட்டால், நிபந்தனையைத் தளர்த்தலாமா என்று நீதிமன்றமே எடுத்துப் பார்க்கலாம். பிரிவு 479-ன்படி, முன்பு எந்தக் குற்றத்திலும் தண்டிக்கப்படாதவர் அதிகபட்சத் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கு காலம் உள்ளே இருந்துவிட்டால் விடுவிக்க வேண்டும். மரண தண்டனை, ஆயுள் தண்டனைக்குரிய குற்றங்களுக்கும், ஒன்றுக்கு மேற்பட்ட வழக்கு நிலுவையில் உள்ளவர்களுக்கும் இது பொருந்தாது. ஜாமீன் தொகை கட்ட முடியாத விசாரணைக் கைதிக்கு உதவும் மத்திய அரசுத் திட்டமும் 2023 முதல் இருக்கிறது.

மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். விசாரணைக் கைதிகளுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச வழக்கறிஞர் தருவார்கள். போகும்போது வழக்கு எண், ஜாமீன் உத்தரவு நகல், உத்தரவான தேதி ஆகியவற்றைக் கொண்டுபோனால் அன்றே மனு எழுதலாம்.